பேசிய ஊமை எழுத்து

அத்தியாயம் ஒன்பது

கதவு பூட்டப்பட்டபோது இருவருக்கும் ஒரு சத்தமும் கேட்கவில்லை. அது ஒலிப்பதிவு அறை. நான்கு சுவரிலும் கூரையிலும் கரும்பஞ்சு ஒட்டி, கதவுக்கும் மெத்தை தைத்து, வெளியில் இடி விழுந்தாலும் உள்ளே எறும்புகூடத் திரும்பிப் பார்க்காதபடி கட்டியிருந்தார்கள். கமா கைப்பிடியைத் திருகிப் பார்த்த பிறகுதான் விஷயம் தெரிந்தது. கைப்பிடி திரும்பியது, கதவு அசையவில்லை.

"அண்ணி, இந்தக் கதவுக்கு நம்மளை ரொம்பப் பிடிச்சுப்போச்சு."

"என்ன உளர்ற?"

"விட மாட்டேங்குது."

புரூஃப் அம்மா ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கிவிட்டுத் திரும்பிப் பார்த்தார். ஊரில் எல்லோருக்கும் அவர் புரூஃப் அம்மா. இருபத்திரண்டு வருஷம் அச்சகங்களில் ஆங்கிலப் புத்தகங்களுக்குப் பிழை திருத்திவிட்டு, புத்தகத்தில் இருக்கும் தப்பைவிட மனுஷர்கள் செய்யும் தப்பு சுவாரசியமாக இருக்கிறது என்று துப்பறியும் ஆபீஸ் திறந்தவர். கமாவுக்கு மட்டும் அவர் அண்ணி, சொந்த அண்ணனின் மனைவி. கோர்ட்டில் பார்த்த டைப்பிஸ்ட் வேலை போய் வீட்டில் மோட்டுவளையைப் பார்த்துக்கொண்டிருந்த கொழுந்தனை உதவியாளராகச் சேர்த்துக்கொண்டவர் அவர்தான். பேச்சுக்கு முற்றுப்புள்ளி வைக்கத் தெரியாத ஆள் என்று கமா என்ற பெயரைச் சூட்டியவரும் அவர்தான்.

காலையில் பத்து மணிக்கு ஒரு பெண்மணி ஆபீஸுக்கு வந்து, சின்னப் பை ஒன்றை மேஜைமேல் வைத்தார்.

"என் தங்கச்சி மூணு நாளா வீட்டுக்கு வரல. போன் அணைஞ்சு கிடக்கு. அவளுக்குச் சர்க்கரை, வேளாவேளைக்கு ஊசி போட்டாகணும். கைப்பையில இருந்த மருந்து நேத்துக் காலையோட தீர்ந்திருக்கும். அவளைக் கண்டுபிடிச்சதும் ஒரு கேள்வியும் கேக்காதீங்க. முதல்ல இந்தப் பையைக் குடுங்க."

அந்தப் பை இப்போது கமாவின் தோளில் தொங்கியது. நேரம் பகல் பதினொன்றரை. மருந்தில்லாமல் ஒரு நாளுக்கு மேல் ஆகிவிட்டது.

காணாமல் போன தங்கையை எல்லோரும் உச்சரிப்பு டீச்சர் என்பார்கள். ஒரு பதிப்பாளர், பேசும் அகராதி ஒன்றைத் தயார் செய்துகொண்டிருந்தார். செல்போனில் ஒரு சொல்லைத் தொட்டால் அது எப்படி ஒலிக்கும் என்று ஒரு குரல் சொல்லும். அந்தக் குரல் டீச்சருடையது. அபூர்வமான ஆங்கிலச் சொற்களை இரண்டு வருஷமாக இந்த அறையில் உட்கார்ந்து வாசித்து வந்தார்.

"திங்கட்கிழமை கடைசியா நாற்பது சொல் வாசிச்சாங்க, போயிட்டு வரேன்னு சிரிச்சுட்டே கிளம்பினாங்க" என்று பதிப்பாளர் வாசலிலேயே வரவேற்றுச் சொன்னார். "வேணும்னா பதிவைக் கேட்டுப் பாருங்க. குரல் எவ்வளவு தெளிவா இருக்குன்னு நீங்களே சொல்வீங்க."

கேட்டார்கள். பதிப்பாளர் கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து கருவியை இயக்கினார். அண்ணி டீச்சரின் கையெழுத்தில் இருந்த பட்டியலில் ஒவ்வொரு சொல்லாகப் பென்சிலால் குறி போட்டுக்கொண்டே வந்து, முடித்ததும் மைக் பொத்தானை அழுத்தினார்.

"சார், இதுல நாலு தப்பு இருக்கே."

"டீச்சரா? தப்பா? எது?"

"சால்மன்னு சொல்லியிருக்காங்க. மீனு. அது சேமன். எல் ஒலிக்காது."

கண்ணாடிக்குப் பின்னால் பதிப்பாளர் சிரித்தார். "நாற்பது வருஷமா அகராதி போடறேன்மா. சால்மன்தான்."

"போடறீங்க சரி. என்னைக்காவது கேட்டிருக்கீங்களா?"

அவர் சிரிப்பு நின்றுபோனது. தன் முன்னால் இருந்த நகலை எடுத்து உதட்டை அசைத்து அசைத்துப் படித்தார். பிறகு எழுந்து போனார். அவ்வளவுதான். கதவுக்கு இவர்களைப் பிடித்துப்போனது அதற்குப் பிறகுதான்.

இப்போது கூரை ஓரத்து ஸ்பீக்கரில் அவர் குரல் வந்தது. மரியாதையில் ஒரு குறையும் இல்லை.

"மன்னிக்கணும். வண்டிக்குச் சொல்லியிருக்கேன், இருபது நிமிஷத்துல வந்துடும். அந்தம்மாவை ஏத்திக்கிட்டு நான் கிளம்பிடுவேன். உங்களை நாளைக்குப் பெருக்க வர்றவங்க திறந்துவிடுவாங்க."

"அப்ப டீச்சர் இந்தக் கட்டடத்துலதான் இருக்காங்க" என்றார் அண்ணி.

கமா ஸ்பீக்கரை நோக்கிக் குரலை உயர்த்தினான்.

"எதுக்கு சார் இதெல்லாம்?"

"அவங்க குரலை ரெண்டு வருஷமா சேர்த்திருக்கேன். ஒரு கையெழுத்துதான் பாக்கி. அது கிடைச்சா அந்தக் குரல் என்னது. எந்த விளம்பரத்துக்கும், எந்த போனுக்கும் என்ன வேணும்னாலும் பேசவைப்பேன். அதுக்குப் பிகு பண்றாங்க."

"அவங்களுக்கு மருந்து வேணும். செத்துப்போயிடுவாங்க."

"கையெழுத்துப் போட்டா மருந்து."

ஸ்பீக்கர் செத்தது. உடனே மின்சாரமும் போனது.

இருட்டு என்றால் வீட்டில் விளக்கணைத்த இருட்டு இல்லை. ஜன்னலே இல்லாத அறையின் இருட்டு. ஏசி நின்றதும் காற்றும் நின்றுவிட்டது. கமாவுக்குத் தன் இதயம் அடிப்பது காதுக்குள்ளேயே கேட்டது. அவனுக்குப் பயம் வந்தால் வாய் இரண்டு மடங்கு வேலை செய்யும். இப்போது அவனுக்கு நிஜமாகவே பயமாக இருந்தது.

"போன்ல சிக்னல் ஒரு கோடு கூட இல்ல அண்ணி. டார்ச் மட்டும் எரியுது. அண்ணனுக்கு உங்களை இருபது வருஷமா அடக்க முடியல, இந்தாள் ரெண்டு நிமிஷத்துல அடைச்சுட்டான்."

"நாற்காலியை எடுத்துக் கண்ணாடியில அடி."

அடித்தான். இரட்டைக் கண்ணாடி. நாற்காலி பந்துபோலத் திரும்பி வந்து அவன் முழங்காலைப் பதம் பார்த்தது. கத்திப் பார்த்தான். கத்தியது அவன் வாயைவிட்டு வெளியே வந்ததும் பஞ்சு அதைக் குடித்துவிட்டது. அடுத்த அறையில் ஒருத்தர் செத்தாலும் தெரியாது, நாம் செத்தாலும் தெரியாது என்று தோன்றியது. அதைச் சொல்லவில்லை.

"உக்காரு தம்பி. கத்திக் கத்தி, இருக்கிற காற்றையும் தீர்க்காத. டீச்சர் ஏன் தப்பா வாசிச்சாங்கன்னு யோசி."

"பயத்துல உளறியிருப்பாங்க."

"பயந்தா குரல் நடுங்கும். இவங்க குரல் நடுங்கல. நாலு சொல்லு, நாலுலயும் ஒரே மாதிரித் தப்பு. எழுத்துல இருக்கும், வாய்ல வராது, அந்த மாதிரி ஊமை எழுத்தை மட்டும் வேணும்னே உச்சரிச்சிருக்காங்க. டார்ச்சைப் பட்டியல்ல காட்டு." அண்ணியின் பென்சில் ஓடியது. "முதல்ல சால்மன். எல் ஊமை. அடுத்தது ஜியோபர்டின்னு சொன்னாங்க. சரியானது ஜெப்பர்டி. ஓ ஊமை."

"அர்த்தம்?"

"ஆபத்து. அப்புறம் விக்சுவல்ஸ். அது விட்டில்ஸ். சாப்பாட்டுச் சாமான்."

"விட்டிலா? பூச்சியைத் திங்கச் சொல்றாங்களா?"

"சி ஊமைங்கறதைக் கவனி. கடைசியா க்நெல்லுன்னாங்க. அது நெல். கே ஊமை. அர்த்தம் சாவுமணி."

"நெல்லுன்னா சாவுமணியா? சோத்து விஷயத்துல விளையாடறாங்களே அண்ணி." அவன் விரல் விட்டு எண்ணினான். "மீனு, ஆபத்து, சாப்பாடு, சாவுமணி. கெட்டுப்போன மீனைச் சாப்பிட்ட கதை மாதிரி இருக்கு."

"அர்த்தத்தை விடு. ஊமை எழுத்துகளைச் சேர்த்துப் பாரு. எல், ஓ, சி, கே."

"லாக். பூட்டு."

அண்ணியின் முகத்தில் டார்ச் வெளிச்சம் பட்டபோது அதில் பெருமை இருந்தது. கமா அதை நன்றாக அறிவான். ஒரு பக்கத்தில் யாருக்கும் தெரியாத பிழையைக் கண்டுபிடித்துவிட்டால் வருகிற முகம் அது. "அவனைப் பக்கத்துல வெச்சுக்கிட்டே, அவன் கண்ணு முன்னாலயே செய்தி சொல்லியிருக்காங்க பாரு. அவனுக்கும் சால்மன்தானே சரி, எப்படிக் கண்டுபிடிப்பான்? தம்பி, பூட்டுல என்னமோ இருக்கு."

பூட்டை ஆராய்ந்தார்கள். கமாவின் சாவிக்கொத்தில் நகவெட்டி ஒன்று இருந்தது. அதன் அரத்தால் கைப்பிடித் தகட்டின் திருகுகளை ஒவ்வொன்றாகக் கழற்றினான். மூன்றாவது திருகு வழுக்கி விரல் கிழிந்தது. தகட்டைப் பெயர்த்தால் உள்ளே பஞ்சு. பஞ்சைப் பிய்த்தால் இரும்புப் பட்டை. கடிதம் இல்லை, கம்பி இல்லை, ஒரு கீறல்கூட இல்லை. கதவின் மெத்தையை அடியிலிருந்து தலைவரை தடவினார்கள். வியர்வை கண்ணில் இறங்கி எரிந்தது.

செல்போனைப் பார்த்தான். பதினோரு நிமிஷம் போய்விட்டது.

"அண்ணி, இங்க ஒண்ணும் இல்ல."

"இருக்கணும்."

"இல்ல அண்ணி."

அண்ணி கதவடியிலேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். அவர் தரையில் உட்கார்ந்து கமா பார்த்ததில்லை. அது அவனுக்குப் பூட்டைவிட அதிக பயத்தைக் கொடுத்தது.

"எங்கயோ ஒண்ணை விட்டுட்டேன்" என்றார் மெதுவாக. "நாற்பதையும் மறுபடி முதல்லருந்து பார்ப்போம். கருவி ஓடாது. அவங்க சொன்னது அப்படியே என் ஞாபகத்துல இருக்கு. நான் சொல்லிட்டு வரேன், நீ டார்ச்சை ஆட்டாமப் பிடி."

அவர் விரல் பட்டியலில் இறங்கியது. ஒவ்வொரு சொல்லையும் டீச்சர் சொன்ன மாதிரியே சொல்லி, சரி, சரி என்று தாண்டிக்கொண்டே வந்தார். கமா பாதிக்கு மேல் கேட்கவில்லை. அவன் மனசு பையிலிருந்த மருந்தைச் சுற்றிக்கொண்டிருந்தது.

"இண்டிக்ட், சரி. அடுத்தது..."

"ஒரு நிமிஷம் அண்ணி. என்ன சொன்னீங்க?"

"இண்டிக்ட். குற்றம் சாட்டறது."

"அவங்களும் அப்படியேதான் சொன்னாங்களா?"

"ஆமா. சுத்தமா, இண்டிக்ட்டுன்னு. அதனாலதான் சரின்னு குறி போட்டேன்."

அண்ணியைத் திருத்துவது அவன் குடும்பத்தில் யாருக்கும் கைகூடாத காரியம். அவன் அண்ணன் ஒரு முறை முயன்று பார்த்து, ஒரு வாரம் ஹோட்டலில் சாப்பிட்டார்.

"அண்ணி, கோவிச்சுக்காதீங்க. அது இண்டைட்."

"எது?"

"ஐ, என், டி, ஐ, சி, டி. இண்டைட். சி ஊமை. கோர்ட்ல ஜட்ஜ் ஐயா ஒரு நாளைக்கு நாலு தடவை சொல்வாரு. நான் காதுல விழுந்ததை அப்படியே சி இல்லாம அடிச்சு வெச்சேன். நூத்தைம்பது பக்கம். அதுக்குத்தான் என்னை வீட்டுக்கு அனுப்பினாங்க. மத்ததெல்லாம் மறப்பேன், இது எப்படி மறக்கும்?"

அண்ணி பென்சிலை அந்தச் சொல்லின்மேல் வைத்தார். இருபத்திரண்டு வருஷத்தில் அந்தச் சொல்லை ஆயிரம் முறையாவது படித்திருப்பார். எழுத்து தவறிய இடத்தில் எல்லாம் பிடித்திருப்பார். ஒருத்தர் வாயால் சொல்லி ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. ஊமை எழுத்து அவர் மனசுக்குள் இத்தனை நாளும் சத்தமாகவே ஒலித்துக்கொண்டிருந்தது.

"பட்டியல்ல அது எங்க வருது?" என்றார் ஒருவழியாக. குரல் கம்மியிருந்தது.

"சால்மனுக்கு முன்னாடி."

"அப்ப முதல் எழுத்து சி. சி, எல், ஓ, சி, கே."

இருவரும் ஒரே நேரத்தில் தலை நிமிர்ந்தார்கள். மேஜைக்கு மேலே சுவரில் பெரிய வட்டக் கடிகாரம். ஒலிப்பதிவு அறைக் கடிகாரம் என்பதால் டிக்கென்ற சத்தமே கிடையாது. நொடி முள் டார்ச் வெளிச்சத்தில் வழுக்கிக்கொண்டு போனது.

கமா மேஜைமேல் ஏறிக் கடிகாரத்தைக் கழற்றினான். பின்னால் பஞ்சுதான். ஆனால் சுற்றியுள்ள பஞ்சைவிட அது கொஞ்சம் புதுசு, ஒரு பெட்டியளவுக்குச் சதுரமாக வெட்டி ஒட்டியது. தட்டினான். மற்ற சுவர் கல்மாதிரி இருந்தது, இது டொம் என்றது.

"ஜன்னல் ஏசி" என்றார் அண்ணி. "பழைய ஏசி இருந்த ஓட்டை. எடுத்துட்டு பலகை வெச்சு மூடியிருக்காங்க. மைக் ஸ்டாண்டைப் பிடி."

ஸ்டாண்டின் அடிப்பாகம் கனத்த இரும்பு. நான்காவது இடியில் பலகை விரிந்தது, ஆறாவதில் உள்ளே விழுந்தது. அந்தப் பக்கத்திலிருந்து புது அச்சுக் காகிதத்தின் வாசனை வந்தது. கூடவே ஒரு மனுஷக் குரல், இழை இழையாக.

"யாரு?"

"டீச்சர், உங்க அக்கா அனுப்பினாங்க."

கமா தலையை நுழைத்து, தோளைச் சாய்த்து, இடுப்பில் சிக்கி, அண்ணி பின்னாலிருந்து ஒரு தள்ளு தள்ளியதில் அகராதி மூட்டைகள்மேல் போய் விழுந்தான். அது ஸ்டாக் ரூம். கூரைவரை புத்தகக் கட்டுகள். நடுவே அட்டைப்பெட்டிமேல் சுவரில் சாய்ந்தபடி டீச்சர் உட்கார்ந்திருந்தார். உதடு வெடித்திருந்தது. ஒரு கால் இரும்பு அலமாரியோடு சங்கிலியில் கட்டியிருந்தது. கமா ஒரு கேள்வியும் கேட்காமல் பையை நீட்டினான். ஊசிக் குழாயின் மூடியை அவனே கழற்றிக் கொடுத்தான். போட்டுக்கொண்டார். கமாவுக்கு அப்போதுதான் மூச்சு முழுசாக உள்ளே போனது.

பின்னாலேயே அண்ணியும் வந்து இறங்கினார். ஸ்டாக் ரூம் கதவைப் போய்த் தள்ளிப் பார்த்தார். வெளியில் பூட்டு.

"அடைபட்டது ரெண்டு பேரா இருந்தோம். இப்ப மூணு பேர்" என்றான் கமா.

"இந்தக் கதவை அவனே வந்து திறப்பான். டீச்சரை ஏத்தணும்ல? எத்தனை நிமிஷம் இருக்கு?"

"மூணு."

"கனமான புத்தகமா ஒண்ணு எடு."

இரண்டாம் தொகுதியை எடுத்தான். எம் முதல் இசட் வரை. இரண்டு கையாலும் தூக்க வேண்டியிருந்தது. கதவோரம் அட்டைப்பெட்டிமேல் ஏறி நின்றான். அண்ணி டார்ச்சை அணைத்தார். டீச்சர் காதைக் கூர்மையாக்கிக்கொண்டு சொன்னார், "வர்றார். செருப்புச் சத்தம். தனியாத்தான் வர்றார்." கமாவுக்கு ஒன்றும் கேட்கவில்லை. அவர் சொல்லி எண்ணிப் பத்து வினாடிக்குப் பிறகுதான் பூட்டில் சாவி நுழைந்தது.

பதிப்பாளர் ஒரு காலை உள்ளே வைத்தார். அவருடைய நாற்பது வருஷ உழைப்பில் பாதி அவர் தலையில் இறங்கியது. அம்மா என்றுகூடச் சொல்லாமல் உட்கார்ந்து, அப்படியே சாய்ந்தார். அவர் பாக்கெட்டில் சங்கிலிச் சாவி இருந்தது. டீச்சரின் காலிலிருந்து கழற்றிய சங்கிலி பதிப்பாளரின் காலுக்கும் சரியாகப் பொருந்தியது.

தாழ்வாரத்தில் சிக்னல் வந்தது. அண்ணி போலீஸுக்குச் சொன்னார், ஆம்புலன்ஸுக்குச் சொன்னார். வாசலில் காத்திருந்த வண்டிக்காரர் விஷயம் தெரிந்ததும் ஆளைவிடு சாமி என்று ஓடிவிட்டார். டீச்சரைத் தாழ்வாரத்து பெஞ்சில் உட்காரவைத்து கமா தண்ணீர் கொடுத்தான்.

"அவர் கண்ணாலயே இங்கிலீஷ் படிச்சவர்" என்றார் டீச்சர், இரண்டு வாய் குடித்துவிட்டு. "என்னை அடைச்சு வெச்ச பிறகுதான் அந்த நாற்பதையும் வாசிக்கவெச்சார், பழைய ஏசி ஓட்டை கடிகாரத்துக்குப் பின்னால இருக்கறது எனக்குத் தெரியும். அவருக்குத் தப்பாவே படாத தப்பாப் பார்த்துப் பொறுக்கினேன். யாராவது காது உள்ளவங்க கேட்பாங்கன்னு. அஞ்சும் கேட்டுச்சா உங்களுக்கு?"

கமா சட்டென்று சொன்னான், "அண்ணிதான் கண்டுபிடிச்சாங்க."

"இல்ல" என்றார் அண்ணி. "எனக்கு நாலுதான் கேட்டுச்சு. இண்டிக்ட் சரின்னு நான் குறி போட்டுட்டேன். நானும் கண்ணால படிச்சவதான், அவரை மாதிரி. அதனால பதினோரு நிமிஷம் வீணாச்சு. இவன் இல்லன்னா நீங்க இந்நேரம் வண்டியில போயிருப்பீங்க."

கமா பக்கத்துச் சுவரைப் பார்த்துக்கொண்டான். அவனுக்குச் சந்தோஷமாகவும் கஷ்டமாகவும் இருந்தது.

அண்ணி டீச்சரின் அக்காவுக்குப் போன் போட்டு, எதுவும் பேசாமல் டீச்சரின் காதில் வைத்தார்.

"அக்கா. நான்தான்."

அந்தப் பக்கத்திலிருந்து வந்த குரல் கத்திமாதிரி இருந்தது. ஸ்பீக்கரில் போடாமலேயே எல்லோருக்கும் கேட்டது.

"போனை வைங்க. கால் மணி நேரத்துக்கு முன்னாலயும் இதே குரல்ல பேசினீங்க. ஐ ஆம் ஃபைன், டோன்ட் சர்ச் ஃபார் மீன்னு. சொல்லுக்குச் சொல் வெட்டி ஒட்டினது எனக்குத் தெரியாதா? என் தங்கச்சி என்கிட்ட இங்கிலீஷ்ல பேச மாட்டா. இப்ப அதுக்குத் தமிழும் கத்துக்குடுத்துட்டீங்களா?"

டீச்சரின் முகம் வெளிறிப்போனது. மூன்று நாள் சங்கிலியில் கிடந்தபோது இருந்ததைவிட அது மோசமாக இருந்தது. போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, வாயைத் திறந்து, என்ன சொல்வதென்று தெரியாமல் மூடினார். எதைச் சொன்னாலும் அதே குரலில்தான் சொல்ல வேண்டும்.

அப்புறம் மடியில் இருந்த பையைப் பார்த்தார்.

"ஏண்டி, ஊசியை இப்படியா வெறும் பையில போட்டு அனுப்புவ? ஐஸ்கட்டி வெச்சு அனுப்புன்னு உனக்கு எத்தனை தடவை சொல்லியிருக்கேன்? அக்கான்னு பேரு, கொஞ்சமாவது அறிவு இருக்கா உனக்கு?"

பிறகு அந்தப் பக்கம் ஒரு விசும்பல் கேட்டது.

"திட்டுடி" என்றார் அக்கா. "இன்னும் கொஞ்சம் திட்டு."

டீச்சருக்குத் திட்ட வாய் வரவில்லை. போனைக் காதோடு அழுத்திக்கொண்டு அழுதார்.